ரொட்டியில் இருந்த நெருப்பு: நோயாளிகளின் கண்முன் நின்ற ஒரு பலிபீடத்தின் கதை

1/
பிரசவம் முடிஞ்சிடுச்சு. குழந்தை அழுதாச்சு. நஞ்சுக்கொடியும் வந்தாச்சு. ஆனா கர்ப்பப்பை மட்டும் சுருங்கல. ரத்தம் போயிட்டே இருக்கு. முதல்ல ஆக்ஸிடோசின். அதுக்கும் அடங்கலைன்னா லேபர் வார்டுல அடுத்து கை போற மருந்துகளில் ஒண்ணு மெத்தில் எர்கோமெட்ரின். 0.2 மில்லிகிராம். ஒரு சின்ன ஆம்பூல்.

2/
அதை உடைக்கிறதுக்கு முன்னாடி ஒரு கேள்வி கேட்டே ஆகணும். "சிஸ்டர், பி.பி. எவ்வளவு?" ரத்த அழுத்தம் அதிகம் இருக்கிற தாய்க்கு இந்த ஊசியைப் போடக் கூடாது. காரணம், இது கர்ப்பப்பையை மட்டும் இறுக்குற மருந்து இல்லை. ரத்தக் குழாய்களையும் சேர்த்தே இறுக்கும்.

3/
இந்த மருந்தோட பேர்ல இருக்கிற "எர்கோ" என்கிற மூணு எழுத்து ஒலிக்குப் பின்னாடி ஆயிரம் வருஷத்துக் கதை ஒண்ணு இருக்கு. அதுல ஒரு விஷ ரொட்டி வருது, ஒரு புனிதர் வர்றார், நூற்றுக்கணக்கான ஆஸ்பத்திரிகள் வருது, கடைசியா உலகத்தோட மிகப் பெரிய ஓவியங்களில் ஒண்ணு வருது. கொஞ்சம் நீளமான இழை நண்பர்களே. டீயோ காபியோ எடுத்துக்கிட்டு வாங்க.

4/
வருஷம் 857. இன்றைய ஜெர்மனியில் ரைன் நதி ஓரம் இருக்கிற ஸான்டென் என்ற ஊரின் ஆண்டுக்குறிப்பு ஒரு கொள்ளைநோயைப் பதிவு செய்கிறது. மக்கள் உடம்பில் கொப்புளங்கள் வீங்கின, உடல் அழுகியது, சாவதற்கு முன்பே கை கால்கள் கழன்று விழுந்தன என்கிறது அந்தக் குறிப்பு. இந்த நோய்க்கான மிகப் பழைய ஐரோப்பியப் பதிவுகளில் இது ஒண்ணு.

5/
நோய் எப்படி இருக்கும்? முதல்ல விரல் நுனியில எறும்பு ஊர்ற மாதிரி. அப்புறம் தாங்க முடியாத எரிச்சல். நோயாளி "நெருப்பு, நெருப்பு"ன்னு கத்துவார், தொட்டுப் பார்த்தா கால் ஜில்லுன்னு இருக்கும். அப்புறம் கறுக்கும், காஞ்சு கரிக்கட்டை மாதிரி ஆகும். பல நேரம் ரத்தமே வராம விரலோ பாதமோ உதிர்ந்துடும்.

6/
மருத்துவத்துல இதை உலர் அழுகல்னு சொல்வோம். ரத்த ஓட்டம் நின்னுபோனா திசு செத்துடும், அவ்வளவுதான். பல வருஷம் பீடி குடிச்சு ரத்தக்குழாய் சுருங்கி, கால் விரல் கறுத்து வர்றவங்களை நம்ம அரசு மருத்துவமனை சர்ஜரி வார்டுல இன்னைக்கும் பார்க்கலாம். பார்வைக்கு ஏறக்குறைய அதே கால்.

7/
இதே நோய்க்கு இன்னொரு முகமும் உண்டு. சிலருக்குக் கை கால் அழுகாது. வலிப்பு வரும், உடம்பு முறுக்கிக்கும், இல்லாததெல்லாம் கண்ணுக்குத் தெரியும், புத்தி பேதலிக்கும். ரைன் நதிக்கு மேற்கே அழுகல் வகை அதிகம், கிழக்கே வலிப்பு வகை அதிகம். மக்கள் வச்ச பேர் "புனித நெருப்பு". பின்னாடி அது "அந்தோணியார் நெருப்பு" ஆச்சு.

8/
காரணம் என்னன்னு இன்னைக்கு நமக்குத் தெரியும். ரை என்று ஒரு தானியம். குளிர் நாட்டில், கோதுமை சரியா வராத மண்ணில் கூட விளையும். அதனால ஏழைகளின் ரொட்டி பெரும்பாலும் ரை ரொட்டி. குளிரும் ஈரமும் அதிகமான வருஷத்தில் ரை பூக்கும்போது கிளாவிசெப்ஸ் பர்பூரியா என்ற பூஞ்சை பூவுக்குள்ள நுழைஞ்சிடும்.

9/
கதிர்ல தானியம் இருக்க வேண்டிய இடத்தில் கருஊதா நிறத்தில், வளைஞ்ச முள் மாதிரி ஒண்ணு வளரும். பார்க்கச் சேவலோட கால் முள் மாதிரி இருக்கும். பழைய பிரெஞ்சில் அந்த முள்ளுக்குப் பேர்தான் எர்காட். அறுவடையில் தானியத்தோடு அதுவும் வரும். ஆலையில் மாவோட மாவா அரையும். ரொட்டியா வெந்து தட்டுக்கு வரும்.

10/
அந்த முள்ளுக்குள் இருக்கிற ரசாயனங்களில் ஒண்ணு எர்கோட்டமின். ரத்தக்குழாய்களை இறுக்கிப் பிழியும். தினமும் மூணு வேளை அந்த ரொட்டியைத் தின்னா, கை கால் நுனிக்கு ரத்தம் போற வழி மெல்ல மெல்ல அடைபடும்.

பஞ்ச காலத்தில் இன்னும் மோசம். பசியில் இருக்கிறவன் கறுப்பு முள்ளைப் பொறுக்கிப் போட்டுட்டா மாவு அரைப்பான்?

11/
நம்ம ஊர் விவசாயிகளுக்கு இதோட சொந்தக்காரன் ஒருத்தனைத் தெரியும். கம்புப் பயிரில் வரும் "தேன் ஒழுகல் நோய்". அதுவும் கிளாவிசெப்ஸ் குடும்பம்தான், வேற இனம். அந்தக் கம்பைச் சாப்பிட்டா வாந்தி, மயக்கம், தலைசுற்றல் வரும். ரை எர்காட் மாதிரி கை கால் அழுகாது. விதையை உப்புத் தண்ணியில் போட்டா கெட்டது மிதக்கும், அரிச்சு எடுத்துடலாம். வேளாண்மைத்துறை சொல்லித் தர்ற எளிய வழி.

12/
சரி, ஐரோப்பாவுக்குத் திரும்புவோம். அந்தக் காலத்தில் ரொட்டிமேல் பெரும்பாலும் யாருக்கும் சந்தேகம் வரலை. எப்படி வரும்? கிறிஸ்தவ வழிபாட்டின் மையமே ரொட்டி. தினசரி உணவும் ரொட்டி. அதுதான் காலை எரிக்குதுன்னு நினைக்க மனசு வராது.

13/
945ஆம் வருஷம் பாரிஸில் நடந்ததை ஃப்ளோடார்ட் என்ற ரைம்ஸ் நகரத்துக் குருவானவர் எழுதி வச்சிருக்கார். நெருப்பு நோய் வந்தவங்க மாதா கோயிலில் தஞ்சம் அடைஞ்சாங்க. ஹியூ என்ற பிரபு தன் செலவில் தினமும் அவங்களுக்குச் சாப்பாடு போட்டார். குணமாச்சு. சிலர் வீட்டுக்குப் போனாங்க. திரும்ப எரிய ஆரம்பிச்சது. மறுபடி கோயிலுக்கு வந்தாங்க. மறுபடி குணமாச்சு.

14/
ஒரு மருத்துவரா இதைப் படிக்கும்போது எனக்குச் சிலிர்த்தது. இது ஏறக்குறைய ஒரு பரிசோதனை! வீட்டு ரொட்டி சாப்பிட்டா நோய். பிரபுவின் களஞ்சியத்துச் சாப்பாடு சாப்பிட்டா குணம். திரும்ப வீட்டு ரொட்டி, திரும்ப நோய். மருந்து ஒவ்வாமையை உறுதிப்படுத்த நாங்க பார்க்கிறதும் இதே முறைதான். நிறுத்தினா நிக்குதா, கொடுத்தா வருதா?

15/
அவங்க கவனிச்சது முழுக்கச் சரி. எடுத்த முடிவு வேற: இடம் புனிதம், மாதா காப்பாத்தினாள். இன்னைக்கு உட்கார்ந்துகிட்டுச் சிரிக்கிறது சுலபம். நுண்ணோக்கி கிடையாது, பூஞ்சைன்னா என்னன்னு தெரியாது, சோறு போட்ட இடத்தில் கால் பிழைச்சதைக் கண்ணால பார்த்தவங்க. நாம இருந்தாலும் அதைத்தான் சொல்லியிருப்போம்.

16/
இங்கேதான் அந்தோணியார் வர்றார். நம்ம ஊரில் செவ்வாய்க்கிழமை கூட்டம் கூடுதே, கையில் குழந்தை இயேசுவோடு நிற்பாரே, அவர் பதுவை அந்தோணியார், 13ஆம் நூற்றாண்டு. நான் சொல்றது எகிப்துப் பாலைவனத்துத் துறவி, வனத்து அந்தோணியார். 3, 4ஆம் நூற்றாண்டு. தனிமையில் பேய்களோடு போராடியதா அவர் வரலாறு சொல்லும். நூறு வயசு தாண்டி வாழ்ந்தார் என்பது மரபு.

17/
அவருடைய எலும்புகள் என்று நம்பப்பட்ட திருப்பண்டம் 11ஆம் நூற்றாண்டில் பிரான்ஸின் தோஃபினே பகுதிக்கு வந்தது. 1095 வாக்கில் கஸ்தோன் என்ற பிரபு, தன் மகன் இந்த நோயிலிருந்து பிழைத்ததற்கு நன்றியாக அங்கே ஒரு சேவைக் குழுவைத் தொடங்கினார் என்கிறது சபையின் மரபு. நெருப்பு நோய்க்காரர்களைப் பராமரிப்பதுதான் அவங்க வேலை. 1297இல் போப் எட்டாம் போனிஃபாஸ் அதை முறையான துறவற சபையாக்கினார்.

18/
அங்கியில் நீல நிற "T" வடிவச் சிலுவை. அதுதான் அடையாளம். ஐரோப்பா முழுக்க நூற்றுக்கணக்கான இல்லங்கள். ஒரே ஒரு நோய்க்காகச் சிறப்பு மருத்துவமனைச் சங்கிலி! அவங்க பன்றிகளுக்குக் கழுத்தில் மணி கட்டித் தெருவில் விடும் உரிமையும் இருந்தது. ஊரே சோறு போட்டு வளர்க்கும். புனித அந்தோணியார் படத்தில் பன்றி நிற்பது இதனால்தான்.

19/
சிகிச்சை என்ன?

ஒண்ணு, நல்ல ரொட்டி, பன்றி இறைச்சி, சத்தான சாப்பாடு.
ரெண்டு, பன்றிக்கொழுப்பில் மூலிகை சேர்த்த களிம்பு.
மூணு, புனிதரின் எலும்புகள் மீது ஊற்றி எடுத்த திராட்சை ரசம்.
நாலு, கறுத்துப்போன உறுப்பை அகற்றும் அறுவை சிகிச்சை.

20/
இன்னைய கண்ணோட்டத்தில் மார்க் போட்டா? களிம்பு புண்ணைக் காயாமல் வைக்கும், வலி கொஞ்சம் குறையும். ரசம் மனசுக்கு ஆறுதல். அறுவை, வேற வழியில்லாதப்போ உயிர் காக்கும். ஆனா நோயை உண்மையில் நிறுத்தியது முதல் ஐட்டம்தான். எர்காட் கலக்காத ரொட்டி. அதைப் பரிமாறினவங்களுக்கே தெரியாது தாங்க கொடுக்கிறதுதான் மருந்துன்னு.

21/
அறுவை பற்றி ஒரு நேரடிச் சாட்சி உண்டு. ஸ்ட்ராஸ்பூர்க் நகரத்து அறுவை மருத்துவர் ஹான்ஸ் ஃபான் கெர்ஸ்டோர்ஃப் 1517இல் ஒரு கையேடு அச்சிட்டார். அதில் கால் வெட்டும் காட்சி ஒரு மரச்செதுக்குப் படமாக இருக்கு. பக்கத்தில் ஏற்கனவே கை போன ஒருத்தர், நுனியை விலங்கின் சிறுநீர்ப்பையால் மூடிக் கட்டி நிற்கிறார். அவர் மேல் அந்த "T" சிலுவை. மயக்க மருந்து இல்லாத காலம் என்பதை மறக்காதீங்க.

22/
எனக்கு இதைவிடப் பெரிசா தெரியறது வேறொரு விஷயம். கை கால் போனவரை "டிஸ்சார்ஜ்" என்று தெருவில் விட்டுவிடலை. பலரை ஆயுசு முழுக்க வச்சுப் பராமரிச்சாங்க. கால் இல்லாத விவசாயக் கூலிக்கு வெளியே பிச்சையைத் தவிர வேற என்ன இருக்கு அந்தக் காலத்தில்?

23/
இருட்டுப் பக்கமும் உண்டு. நோயைக் குணமாக்கும் புனிதரே கோபம் வந்தா நோயைக் கொடுக்கவும் செய்வார்னு மக்கள் நம்பினாங்க. "அந்தோணியார் நெருப்பு உன்னை எரிக்க" என்பது அன்றைய சாபம். அப்போ நோய் வந்தவன்? ஏதோ பாவம் பண்ணியிருக்கான். சாமி கண்ணைக் குத்திடுச்சு. வலி ஒரு பக்கம், பழி ஒரு பக்கம்.

24/
இப்போ ஓவியத்துக்கு வருவோம். இன்றைய பிரான்ஸில், ரைன் நதியை ஒட்டிய அல்சாஸ் பகுதியில் இசென்ஹைம் என்ற சின்ன ஊர். அங்கே அந்தோணியார் சபைக்கு ஒரு மடமும் மருத்துவமனையும் இருந்தது. 1500ஐ ஒட்டி மடத்தின் தலைவர் கீதோ குவெர்சி. கோயிலின் முதன்மைப் பீடத்துக்கு ஏற்கனவே நிக்கோலாஸ் ஹாகெனாவர் செதுக்கிய மரச்சிற்பங்கள் இருந்தன. அதற்குக் கதவு ஓவியங்கள் வரைய ஒருத்தரைப் பிடிக்கிறார் குவெர்சி.

25/
அந்த ஓவியரை உலகம் குரூனவால்ட் என்று சொல்கிறது. அது தப்பான பேர்! அவர் செத்து நூறு வருஷத்துக்கும் மேல் கழிச்சு, 1675இல் ஒரு எழுத்தாளர் குழப்பத்தில் எழுதிய பேர் நிலைச்சுப் போச்சு. உண்மைப் பேர் மாத்திஸ் கோட்ஹார்ட் நிட்ஹார்ட். 1512 முதல் 1516 வரை இதை வரைந்தார். 1528இல் ஹாலே நகரில் இறந்தார்.

26/
ஓவியம்னா சுவரில் மாட்டுற ஒரு படத்தை நினைக்காதீங்க. இது ஒரு பெரிய அலமாரி மாதிரி. இரட்டை அடுக்குக் கதவுகள். மூடியிருந்தா ஒரு காட்சி. முதல் கதவைத் திறந்தா ரெண்டாவது காட்சி. அதையும் திறந்தா மூணாவது. எப்போ எதைத் திறக்கணும் என்பதை வழிபாட்டு ஆண்டு முடிவு செய்யும். நம்ம ஊர்க் கோயில்களில் தவக்காலக் கடைசியில் சுரூபங்களை ஊதாத் துணியால் மூடிப் பாஸ்காவுக்குத் திறப்பாங்களே, அந்த மாதிரி காலத்தோடு மாறும் பீடம்.

27/
சாதாரண நாட்களில் கதவு மூடியிருக்கும். அப்போ நோயாளி கண்ணில் படுவது சிலுவைக் காட்சி. சுமார் 2.7 மீட்டர் உயரம், 3 மீட்டர் அகலம். இடப்பக்கம் அம்புகள் துளைத்த புனித செபஸ்தியார், பிளேக் நோய்க்கான காவலர். வலப்பக்கம் கையில் "T" கோலோடு வனத்து அந்தோணியார். கீழே இயேசுவின் உடலைக் கிடத்தி அழும் காட்சி.

28/
நடுவில் இருக்கும் அந்த உடலைத்தான் நான் ஒரு மருத்துவரா உத்துப் பார்த்தேன். பச்சை படர்ந்த சாம்பல் நிறத் தோல். தலையில் மட்டும் இல்லை, உடல் முழுக்க முள் குத்தி ஒடிந்து நிற்கிறது. ஒவ்வொரு முள்ளைச் சுற்றியும் புண். விரல்கள் வலியில் மரக்கிளை மாதிரி விரிஞ்சு விறைச்சு நிற்கின்றன. பாதங்கள் வீங்கிக் கறுத்துத் தொங்குகின்றன. உதடு நீலம்.

29/
அதே காலத்து இத்தாலி ஓவியங்களைப் பாருங்க. சிலுவையிலும் இயேசு அழகா இருப்பார். வெண்ணெய் மாதிரி உடம்பு, விலாவில் ஒரு கோடு ரத்தம். மாத்திஸ் அப்படி வரையலை. அந்த மருத்துவமனையின் படுக்கையில் கிடந்த உடம்பைப் போல ஒரு உடம்பைச் சிலுவையில் ஏத்தினார்.

30/
இன்னொரு நுட்பத்தை ஆண்ட்ரே ஹேயம் என்ற கலை வரலாற்றாளர் 1989இல் வந்த தன் நூலில் கவனப்படுத்துகிறார். சிலுவை சரியா நடுவில் இல்லை. கதவு பிளக்கும் இடம் உடலுக்குப் பக்கத்தில் வருது. திறக்கும்போது ஒரு கை உடலில் இருந்து பிரியும். கீழே உள்ள பலகையைத் திறந்தாலோ, கிடத்தப்பட்ட உடலின் கால்கள் தனியாகப் போகும்.

31/
கை போனவர், கால் போனவர் உட்கார்ந்து பார்த்த பீடம் அது. இதற்குமேல் விளக்கம் வேண்டாம்.

32/
இந்த ஓவியம் நோயாளிக்கு என்ன கொடுத்தது? "கஷ்டத்தில் துணை" என்று மட்டும் சொன்னா அது பாதிதான்.

நான் நினைக்கிறது இது: கிறிஸ்தவ நம்பிக்கைப்படி இயேசு பாவமே இல்லாதவர். பாவமே இல்லாதவர் உடம்பில் இந்தப் புண் வரும்னா, புண் வந்ததாலேயே ஒருத்தன் பாவி ஆயிட மாட்டான். ஊர் வச்ச பழியை ஊர்க் கோயிலின் பீடமே எடுத்துப் போடுது. ஒரு வரி பிரசங்கம் இல்லாம.

33/
இப்போ முதல் கதவைத் திறங்க. கிறிஸ்துமஸ், பாஸ்கா போன்ற பெருவிழா நாட்கள். கறுப்பு வானம் போய் நிறங்கள் வெடிக்கும். ஒரு ஓரத்தில் மங்கள வார்த்தை, நடுவில் குழந்தையோடு மரியா, பக்கத்தில் வாத்தியம் வாசிக்கும் வானதூதர்கள், மறு ஓரத்தில் உயிர்த்தெழும் இயேசு.

34/
அந்த உயிர்த்த உடலைப் பாருங்க. ஒரு கொப்புளம் இல்லை. தோல் பால் மாதிரி. ஆணித் தழும்பும் விலாத் தழும்பும் மட்டும் ஒளிவிட்டு நிற்கின்றன. பிரிந்த கை கால் எல்லாம் முழுசா இருக்கு. மூடிய கதவுக்குள் இது இருக்குன்னு வருஷம் முழுக்க நோயாளிக்குத் தெரியும். அடுத்த திருநாளுக்குக் காத்திருப்பார். காத்திருக்க ஒண்ணு இருப்பதே வார்டில் பெரிய விஷயம்.

35/
வானதூதர் இசைக்குழுவில் முன்னாடி இருக்கிறவர் கையில் ஒரு பெரிய நரம்பு வாத்தியம், வயோலா த காம்பா. வில்லை அவர் பிடிச்சிருக்கிற விதத்தில் நிஜத்தில் வாசிக்கவே முடியாதுன்னு இசைக்காரர்கள் சொல்வாங்க. ஆனா அந்தப் பீடத்தின் முன்னால் துறவிகள் வேளைச் செபங்களைத் தினமும் பாடினாங்க. படத்தில் வாசிப்பது காதில் விழாது. படத்துக்கு முன்னால் பாடுவது விழும். ரெண்டும் சேர்ந்ததுதான் அந்த வழிபாடு.

36/
பல நூற்றாண்டு கழிச்சு ஜெர்மன் இசையமைப்பாளர் பவுல் ஹிண்டமித் இந்த ஓவியத்தையே சிம்பொனியாக்கினார். 1934இல் பெர்லினில் அரங்கேறியது. அதன் முதல் பகுதியின் பேரே "வானதூதர் கச்சேரி". நாஜி அரசு அவரை ஓரங்கட்டியது. வலிக்கிறவன் பக்கம் நிற்கும் ஓவியம் எந்தக் காலத்திலும் யாரையாவது உறுத்தும் போல.

37/
ரெண்டாவது கதவையும் திறந்தா, உள்ளே தங்க முலாம் பூசிய மரச்சிற்பம். அரியணையில் வனத்து அந்தோணியார். காலடியில் குட்டி உருவங்களாகக் காணிக்கை கொண்டு வருபவர்கள், ஒருத்தர் கையில் சேவல், இன்னொருத்தர் கையில் பன்றிக்குட்டி. இது அந்தோணியார் திருநாளுக்கான காட்சி. இருபுறமும் மாத்திஸின் ரெண்டு ஓவியங்கள்.

38/
ஒண்ணில் பேய்கள் அந்தோணியாரைத் தரையில் போட்டு மிதிக்கின்றன, முடியைப் பிடித்து இழுக்கின்றன. இடது கீழ் மூலையில் ஒரு உருவம். சிவப்பு முக்காடு, ஊதிய வயிறு, உடல் முழுக்கக் கொப்புளம், பாதத்தில் தவளை மாதிரிச் சவ்வு. நெருப்பு நோயா, சிபிலிஸா என்று மருத்துவர்கள் இன்னும் வாதம் பண்றாங்க. எதுவா இருந்தாலும் அது ஒரு நோயாளி. பேய்க் கூட்டத்தின் நடுவில், வலியில் தலையைப் பின்னால் சாய்த்தபடி.

39/
வலது கீழ் மூலையில் ஒரு துண்டுச் சீட்டு வரையப்பட்டிருக்கு. அதில் அந்தோணியார் இறைவனிடம் கேட்டதாக மரபு சொல்லும் முறையீடு: நான் அடிபடும்போது நீ எங்கே போனாய் என்ற பொருளில். ஒரு மருத்துவமனைக் கோயில், நோயாளியின் கோபத்தைக் கூட பீடத்தில் எழுதி வைக்குது. கடவுளைக் கேள்வி கேட்டா தப்பில்லை, புனிதரே கேட்டிருக்கார்.

40/
மற்ற ஓவியத்தில் அந்தோணியார், பவுல் என்ற முதிய வனத்துறவியைச் சந்திக்கிறார். அவங்க காலடியில் செடிகள். பிளான்டாகோ (நம்ம இசப்கோல் குடும்பம்), வெர்பெனா என்று தாவர அறிஞர்கள் அடையாளம் கண்டிருக்காங்க. புண்ணுக்குப் பயன்பட்ட மூலிகைகள். மேலே ஒரு காகம் பறந்து வருது. அதன் அலகில் ரொட்டி.

41/
இந்த இடத்தில்தான் நான் கொஞ்ச நேரம் அப்படியே உட்கார்ந்துட்டேன்.

ஒரு கதவில் நோய். எதிர்க் கதவில் ரொட்டி. காரணமும் விளைவும் ஒரே பீடத்தில், சில அடி தூரத்தில். வரைந்தவருக்கும் தெரியாது. வரையச் சொன்னவருக்கும் தெரியாது. பார்த்து அழுதவருக்கும் தெரியாது.

42/
1676இல்தான் தெனி தோதார் என்ற பிரெஞ்சு மருத்துவர், ரை கதிரில் இருக்கும் அந்தக் கறுப்பு முள்தான் காரணம் என்று பாரிஸ் அறிவியல் கழகத்துக்கு எழுதினார். 945இல் பாரிஸ் மாதா கோயிலில் கண்ணெதிரே நடந்த அந்தப் "பரிசோதனை"யில் இருந்து 731 வருஷம்! பூஞ்சையின் முழு வாழ்க்கைச் சுழற்சியை லூயி துலான் 1853இல் விளக்கினார்.

43/
இந்த 731 வருஷத்தை மறைக்கவும் கூடாது. "புனிதர் காப்பாத்தினார்" என்ற விடை கையில் இருந்ததால், "என்ன சாப்பிட்டே?" என்ற கேள்வி எழவே இல்லை. சிகிச்சை வெற்றி பெற்றதே காரணத்தை மறைச்சிடுச்சு. நம்ம துறைக்கும் இது எச்சரிக்கை. நோயாளி குணமானார் என்பதாலேயே நாம சொல்ற காரணம் சரின்னு ஆயிடாது.

44/
நோய் குறைந்தது, சபையும் சுருங்கியது. 1777இல் மால்டா சபையோடு இணைக்கப்பட்டது. பிரெஞ்சுப் புரட்சியின்போது மடத்துச் சொத்துகள் பறிமுதல் ஆனப்போ பீடத்தைப் பக்கத்தில் இருக்கும் கோல்மார் நகருக்குக் கொண்டுபோனாங்க. அங்கே பழைய கன்னியர் மடம் ஒண்ணு உன்டர்லிண்டன் அருங்காட்சியகமா திறக்கப்பட்டது. வருஷம் 1853. துலான் பூஞ்சையை விளக்கிய அதே வருஷம்.

45/
மிச்சக் கதை எங்க துறையோடது. 1918இல் சுவிட்சர்லாந்தின் பாசல் நகரில், கோல்மாரில் இருந்து ரொம்ப தூரமில்லை, ஆர்தர் ஸ்டோல் எர்கோட்டமினைப் பிரித்தெடுத்தார். 1935இல் எர்கோமெட்ரின். அதே ஆய்வகத்தில் 1938இல் ஆல்பர்ட் ஹோஃப்மன் எர்காட்டில் இருந்து உருவாக்கிய இன்னொரு பொருள் எல்.எஸ்.டி. நோயாளிகள் கண்ட பேய்களுக்கும் அதுக்கும் உறவு இருக்குன்னு இப்போ புரியுதா?

46/
கை கால்களைத் தின்ற அதே விஷம், அளவு தெரிஞ்ச கையில் தாயின் உயிரைக் காப்பாத்துற மருந்து. இறுக்குற குணம் ஒண்ணுதான். எங்கே, எவ்வளவு, யாருக்கு என்பது மட்டும் மாறியிருக்கு. அதனாலதான் ஆம்பூலை உடைக்கும் முன் அந்தக் கேள்வி: "சிஸ்டர், பி.பி. எவ்வளவு?"

47/
இதை எழுத உட்கார்ந்ததுக்குக் காரணம் ஓவியம் மட்டும் இல்லை. எங்க வார்டுல சர்க்கரை நோயால் கால் அழுகி வர்ற பெரியவங்க, கையெழுத்து வாங்கப் போகும்போது கேட்கிற முதல் கேள்வி "வலிக்குமா டாக்டர்?" இல்லை. "நான் என்ன பாவம் பண்ணேன் தம்பி?" இதுதான். வீட்டு ஆட்களும் பக்கத்தில் நின்னு "சொன்னா கேட்டாத்தானே" என்பாங்க.

48/
முன்னெல்லாம் இதுக்கு எனக்குப் பதில் தெரியாது. ஃபைலைப் பார்த்துகிட்டே "சர்க்கரை அதிகம்மா" என்று நகர்ந்துடுவேன். இப்போ ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்றேன். "பாவமும் இல்லை, சாபமும் இல்லைங்க ஐயா. ரத்தக்குழாய் அடைச்சிருக்கு. நரம்பு மரத்துப் போனதால முள் குத்தினது தெரியல. இது வியாதி." இவ்வளவுதான் சொல்றேன். ரெண்டு நிமிஷம் ஆகும். அழுவாங்க. அப்புறம் கையெழுத்துப் போடுவாங்க.

49/
இசென்ஹைம் துறவிகளுக்குக் காரணம் தெரியாது, நமக்குத் தெரியும். ஆனா நல்ல சாப்பாடு கொடுத்து, புண்ணைக் கட்டி, காலை இழந்தவரை வெளியே தள்ளாம வச்சுகிட்டு, "இது உன் குத்தம் இல்லை" என்று ஒரு சுவரே பேசும்படி செஞ்சாங்க. முதல் பகுதியில் நாம அவங்களைத் தாண்டி ரொம்ப தூரம் வந்துட்டோம். கடைசிப் பகுதியில் வந்துட்டோமா என்று எனக்குச் சந்தேகம்தான்.

50/
கோல்மார் பக்கம் போற வாய்ப்பு கிடைச்சா அந்தப் பீடத்தைப் பார்த்துட்டு வாங்க. கதவுகளைத் தனித்தனியா பிரிச்சு வச்சிருக்காங்க, எல்லாப் பக்கமும் ஒரே நாளில் பார்க்கலாம். காகத்தின் அலகில் இருக்கும் ரொட்டியை மறக்காம தேடுங்க.

வீட்டில் சர்க்கரை இருக்கிறவங்க யாராவது இருந்தா, இன்னைக்கு ராத்திரி அவங்க பாதத்தை ஒரு தடவை வெளிச்சத்தில் பாருங்க. திட்டாம பாருங்க.

கேள்வி இருந்தா கீழே கேளுங்க, டியூட்டி முடிஞ்சு வந்து பதில் சொல்றேன்.